நந்தவனத்தில் காயா: ஒரு நிகழ்வு ஆய்வு

பின்னணி

மரக்காணத்துக்கும் புதுச்சேரிக்கும் நடுவே, கடலிலிருந்து சில கிலோமீட்டர் உள்ளே தள்ளி ஒரு சிற்றூர். ஊருக்குள் சிறிய பெருமாள் கோயில் ஒன்று உண்டு. ஊருக்கு வெளியே ஐயனார் கோயிலும் அதைச் சுற்றி ஏழெட்டு ஏக்கர் காடும் இருக்கின்றன. பெருமாள் கோயிலின் பின்புறம் ஒரு காலத்தில் நந்தவனமாக இருந்த இடத்தில் சீமைக்கருவேலம் மண்டிக் கிடந்தது. ஊர்க்காரர்கள் அதை வேரோடு எடுத்து, நிலத்தைத் திருத்தி, மறுபடியும் நந்தவனம் வைக்க முடிவு செய்தார்கள்.

துளசி, நந்தியாவட்டை, பவழமல்லி என்று பட்டியல் போட்டபோது, காயாவும் வேண்டும் என்று பட்டர் சொன்னார். திருப்பாவையின் 23ஆம் பாட்டில் 'பூவைப்பூ வண்ணா' என்று வரும். பூவை என்பது காயாவின் இன்னொரு பெயர். மார்கழியில் ஆண்டுதோறும் அதைப் பாடுகிறார். அந்தப் பூவை ஒருமுறைகூடப் பார்த்ததில்லை. "பூவோட பேரு மட்டும் வாயில இருக்கு, பூ கையில இல்ல" என்றார்.

நாங்கள் நாட்டு மரக்கன்றுகள் வளர்க்கும் சிறு குழு. எங்களைக் கூப்பிடுவதற்கு முன்பே அவர்கள் ஒரு நர்சரியிலிருந்து 'காயாம்பூ' என்று எழுதிய அட்டையோடு ஆறு செடிகள் வாங்கி நட்டிருந்தார்கள். இரண்டே மாதத்தில் அவை பூத்தன. வெளிர்நீலக் கொத்துகள், பார்க்க அழகாகவே இருந்தன. ஆனால் ஊர்ப் பள்ளியில் அறிவியல் எடுக்கும் ஆசிரியைக்குச் சந்தேகம் வந்தது. அப்போதுதான் எங்களுக்குப் போன் வந்தது.

முதலில் வந்த செடி

நேரில் போனதும் அது காயா இல்லை என்று தெரிந்துவிட்டது. இலைகள் தண்டில் ஒன்றுவிட்டு ஒன்றாக, மாறி மாறி இருந்தன. காயாவில் இலைகள் எதிரெதிரே இணையாக நிற்கும். பூவுக்கு ஐந்து மடல். அடியில் நீண்ட மெல்லிய குழல். பூவின் அடிப்பகுதியைத் தொட்டால் பிசின் விரலில் ஒட்டியது. அது நீலச் சித்திரமூலம், தென்னாப்பிரிக்காவிலிருந்து வந்த அலங்காரச் செடி. நம் வேலிகளில் கிடக்கும் வெள்ளைப்பூச் சித்திரமூலத்தின் உறவு.

நர்சரிக்காரர் வேண்டுமென்றே ஏமாற்றினார் என்று நான் நினைக்கவில்லை. நீலப்பூ கேட்டார்கள், நீலப்பூ கொடுத்தார். காயாவை விதைபோட்டு வளர்ப்பவர்கள் மிகக் குறைவு. அது மெதுவாக வளரும், அதனால் வியாபாரத்துக்கு ஒத்துவராது. கடைகளில் காயா என்று தேடினால் தென்கிழக்கு ஆசியாவிலிருந்து வந்த அதன் உறவுச்செடி ஒன்றும் கிடைக்கும். அது காயாவின் இனம்தான், ஆனால் நம் மண்ணின் செடி இல்லை.

ஆறு செடிகளையும் பிடுங்கி எறிய யாருக்கும் மனம் வரவில்லை. பள்ளிச் சுவரோரம் மாற்றி நட்டார்கள். சரி, உண்மையான காயாவை எங்கே தேடுவது? கடையில் இனித் தேடுவதில்லை, ஊரைச் சுற்றியே தேடுவோம் என்று முடிவு செய்தோம்.

காட்டில் கண்டது

கிழக்குக் கடற்கரையை ஒட்டி, ஆந்திரத்தின் தென்பகுதி தொடங்கி இராமநாதபுரம் வரை, குறைந்த உயரமுள்ள, இலை உதிராத ஒரு வகைக் காடு இருந்தது. வெப்பமண்டல உலர் பசுமைமாறாக் காடு என்பார்கள். இன்று அது பெரும்பாலும் கோயில் காடுகளாகத் துண்டு துண்டாகத்தான் மிஞ்சியிருக்கிறது. புதுச்சேரிக்கு அருகே உள்ள புத்துப்பட்டு ஐயனார் கோயில் காட்டைப் பலர் அறிந்திருப்பார்கள். இந்த ஊர்க் காடு அதைவிடச் சிறியது, ஆனாலும் வீரை, உலக்கைப்பாலை, எட்டி, காட்டெலுமிச்சை, காரை எல்லாம் நெருங்கி நின்றன. சுற்றிலும் சவுக்கும் முந்திரியும். மண் செம்மண்.

ஐயனார் காட்டில் கத்தி வைக்கக் கூடாது என்பது ஊர்க்கட்டுப்பாடு. பூசாரியிடம் கேட்டு, பார்ப்பதற்கு மட்டும் உள்ளே போனோம். காயா என்று சொன்னால் அங்கே யாருக்கும் தெரியவில்லை. காட்டோரம் ஆடு மேய்த்துக்கொண்டிருந்த ஆயா ஒருவரிடம், குச்சியெல்லாம் நீலமாகப் பூக்கும் செடி ஏதாவது உண்டா என்று ஆசிரியை கேட்டார்.

"காசாவ கேக்குறியாம்மா? அதோ நிக்குது பாரு. பூத்தா குச்சி தெரியாது."

காயா, காசா: அவருடைய வாயில் பெயர் பாதி மிஞ்சியிருந்தது. அவர் காட்டிய இடத்தில் இடுப்பளவு உயரத்தில் சில செடிகளும், ஆள் உயரத்தைத் தாண்டிய இரண்டு மரங்களும் நின்றன. திறந்த இடத்தில் இது புதராகவே நிற்கும். நிழலுக்குள் வயதானால் சிறுமரமாகிவிடும்.

பூ இல்லாத காலம் அது. பூ இல்லாமல் எவ்வளவு தூரம் அடையாளம் சொல்ல முடியும் என்று பார்த்தோம். இலைகள் எதிரெதிரே, தடித்து, தோல் போல, கரும்பச்சையாக இருந்தன. பழைய பாட்டுகளில் 'செறியிலைக் காயா' என்று வருவது சும்மா இல்லை. கிளை முழுக்க இலை அடைந்துதான் இருக்கிறது. இலையை வெயிலுக்கு எதிரே பிடித்தால் நடு நரம்பு மட்டும் தெரிந்தது. பக்க நரம்புகள் கண்ணுக்கே படவில்லை. பக்கத்திலேயே நாவல் குடும்பத்துக் குறுஞ்செடி ஒன்றும் ஏறக்குறைய அதே தோற்றத்தில் நின்றது, நானே முதலில் குழம்பினேன். அதன் இலையைக் கசக்கினால் வாசம் வந்தது. வெளிச்சத்தில் பிடித்தால் நுண்ணிய எண்ணெய்ப் புள்ளிகள் ஊசித்துளைகள் போலத் தெரிந்தன. காசாவின் இலையில் வாசமும் இல்லை, புள்ளியும் இல்லை.

இவற்றைவிட எனக்கு நம்பிக்கை தந்தது கிளையின் கணு. இலை உதிர்ந்துபோன பழைய கணுக்களில், இலை இருந்த தழும்புக்கு மேலே சிறு முடிச்சுகள் புடைத்திருந்தன. விரலால் தடவினால் கேழ்வரகு ஒட்டியதுபோலச் சொரசொரப்பு. ஆண்டுக்கு ஆண்டு அதே இடத்தில் பூங்கொத்துகள் வந்து உதிர்ந்த அடையாளம் அது. காயா நுனியில் மட்டும் பூப்பதில்லை. இலையில்லாத முதிர்ந்த குச்சியிலும் பூக்கும். ஆயா சொன்ன 'குச்சி தெரியாது' என்பது இதுதான்.

பெயரை உறுதி செய்தது

இவ்வளவு பார்த்த பிறகும் பூவைப் பார்க்காமல் விதை எடுப்பதில்லை என்று முடிவு செய்தோம். ஏற்கெனவே ஒரு தவறான செடி வந்து போயிருந்தது. இன்னொரு தவறு நடந்தால் ஊரில் இருந்த ஆர்வமே போய்விடும். ஐந்து மாதம் காத்திருந்தோம். பட்டருக்கு அது நீளமாகத்தான் இருந்தது. ஆனாலும் இந்த முழு வேலையிலும் நாங்கள் சரியாகச் செய்த முதல் காரியம் இந்தக் காத்திருப்புதான் என்று இன்றும் நினைக்கிறேன்.

பங்குனியில் ஒரு கோடை மழை பெய்தது. அடுத்த வாரமே ஆசிரியை கூப்பிட்டார். போய்ப் பார்த்தபோது இரண்டு மரங்களும் அடிக்கிளையிலிருந்தே நீலமாக இருந்தன. வானத்து நீலம் இல்லை, ஊதா கலந்த அடர்நீலம். மயிலின் கழுத்தைப் பழம்புலவர்கள் ஏன் இதற்கு ஒப்பிட்டார்கள் என்று விளக்கத் தேவையே இல்லை. பாட்டுகளில் காயா முல்லை நிலத்துக் கார்காலப் பூவாக வரும்; இந்தக் கடலோரக் காட்டில் நாங்கள் நிறைவாகப் பார்த்தது கோடை மழைக்குப் பின்.

ஒரு கொத்தைக் கைலென்சில் பார்த்தோம். பூ ஒன்று நெல்மணியின் நீளத்துக்கு மேல் இல்லை. நான்கு இதழ், எட்டு மகரந்தத்தாள். ஒவ்வொரு தாளின் முனையிலும் மகரந்தப்பைக்குப் பின்னால் கொம்பு போன்ற ஒரு நீட்சி, அதன் முதுகில் எண்ணெய் சுரக்கும் சிறு குழி. தேனீக்கள் பூவைக் கட்டிப்பிடித்து உடலை அதிரவைத்து மகரந்தத்தை உதிர்த்தன. நின்று கேட்டால் அந்த ரீங்காரம் பறக்கும் ஓசையிலிருந்து வேறாக, கூர்மையாகக் கேட்கும். மாணவர்கள் வெகுநேரம் அதைத்தான் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

பூசாரியின் ஒப்புதலோடு ஒரே ஒரு சிறு கிளையை எடுத்து, செய்தித்தாளில் வைத்து அழுத்திக் காயவைத்தோம். காய்ந்த இலைகள் பழுப்பாகாமல் மஞ்சள் கலந்த பச்சையாக மாறின. இந்தச் செடி மண்ணிலிருந்து அலுமினியத்தை உறிஞ்சி இலையில் சேர்க்கும். காய்ந்தால் இந்த நிறம் வருவது இந்த இனத்தின் அடையாளங்களில் ஒன்று. சாயத்தொழிலில் படிகாரத்துக்குப் பதிலாக இந்த இலையைப் பயன்படுத்தியதும் அந்த அலுமினியத்துக்காகத்தான். ஒரு கல்லூரித் தாவரவியல் துறையில் காட்டியபோது காயா என்று உறுதி செய்தார்கள். மெமிசைலான் அம்பெல்லேட்டம், மெமிசைலான் எடுலி என்று இரண்டு அறிவியல் பெயர்கள் பட்டியல்களில் மாறி மாறி வரும். எடுலி என்றால் உண்ணத்தக்கது என்று பொருள்.

தோற்ற முயற்சிகள்

பூ ஒரு வாரத்துக்குள் உதிர்ந்தது. பட்டாணி அளவுக் காய்கள் பச்சையிலிருந்து மஞ்சளாகி, சிவந்து, ஆடியில் கருநீலமாகப் பழுத்தன. தின்றால் துவர்ப்புக் கலந்த இனிப்பு. கொண்டைக்குருவிகள் விடாமல் வந்தன. அவற்றுக்குப் போக, கைக்கு எட்டிய கிளைகளிலிருந்து இரண்டு கைப்பிடி பழம் மட்டும் எடுத்துக்கொண்டோம்.

இங்கேதான் நான் தவறு செய்தேன். மற்ற விதைகளுக்குச் செய்வதுபோலவே பழத்தைக் கழுவி, கொட்டையை நிழலில் பத்து நாள் காயவைத்து, துணிப்பையில் கட்டி, மழைக்காலத்தில் விதைக்கலாம் என்று வைத்தேன். ஐப்பசியில் விதைத்தோம். மார்கழி வரை தண்ணீர் ஊற்றினோம். ஒன்றுகூட முளைக்கவில்லை. தோண்டி எடுத்து நகத்தால் உடைத்தால் உள்ளே பருப்பு சுருங்கி, பழுப்பாக, மாவுபோல் உதிர்ந்தது.

காரணம் எளிது. கொன்றை, ஆவாரை போன்றவற்றின் விதைகள் காய்ந்து உறங்கும். காயா விதை உறங்குவதில்லை. உள்ளே பருத்த வித்திலைகள் மடிந்து, ஈரத்தோடு, வளரத் தயாராக இருக்கின்றன. அந்த ஈரம் போனால் உயிரும் போய்விடும். பழத்தைப் பிளந்து ஒரு விதையை அன்றே வெட்டிப் பார்த்திருந்தால் எனக்குப் புரிந்திருக்கும்.

விதை போனதால் குச்சி முயன்றோம். காட்டின் எல்லைக்கு வெளியே, வரப்போரம் நின்ற ஒரு செடியிலிருந்து முப்பது குச்சிகள் எடுத்து, வேரூக்கித் தூள் தொட்டு, பிளாஸ்டிக் மூடியின் கீழ் மணலில் ஊன்றினோம். மூன்று மாதம் இலை பச்சையாகவே நின்று ஆசை காட்டியது. பிடுங்கிப் பார்த்தால் ஒன்றிலும் வேர் இல்லை.

அப்புறம் தாய்மரத்தின் அடியில் தானாக முளைத்திருந்த பத்து நாற்றுகளைப் பெயர்த்து எடுக்கப் பூசாரியிடம் அனுமதி கேட்டோம். அவர் தயங்கித்தான் சரி என்றார். விரல் நீளச் செடிக்கு முழ நீளத்துக்கு ஆணிவேர். இறுகிய செம்மண்ணில் அது அறாமல் வரவில்லை. பத்தும் ஒரு மாதத்துக்குள் கருகின. காட்டில் விட்டிருந்தால் அவற்றில் ஒன்றிரண்டாவது பிழைத்திருக்கும். இதைச் செய்திருக்கக் கூடாது.

இரண்டாம் ஆண்டு: ஈரம் காயாத விதை

அடுத்த ஆடியில் ஒரே ஒரு விதியை வைத்துக்கொண்டோம்: காலையில் பறித்த பழம் மாலைக்குள் மண்ணில் இருக்க வேண்டும். முழுக்கக் கறுத்த பழங்களை மட்டும் எடுத்து, தண்ணீரில் பிசைந்து சதையை நீக்கினோம். மிதந்தவற்றைக் கழித்தோம், அவற்றில் பெரும்பாலும் புழுத்துளை இருந்தது. மூழ்கியவை 90 விதைகள்.

செம்மண் இரண்டு பங்கு, ஆற்று மணல் ஒரு பங்கு, மட்கிய இலை ஒரு பங்கு. தாய்மரத்தடி மண்ணையும் ஒரு சட்டி கலந்தோம். வேரோடு சேர்ந்து வாழும் பூஞ்சைகள் அதில் இருக்கும் என்ற எண்ணத்தில் செய்தது. அது இல்லாமல் ஒப்பிட்டுப் பார்க்கவில்லை, அதனால் அதுதான் உதவியது என்று சொல்ல மாட்டேன். விதையின் உயரத்துக்கே மண் மூடி, மேலே சருகு தூவி, வேப்பமர நிழலில் தட்டுகளை வைத்தோம்.

ஏழாவது வாரத்தில் முதல் முளை. அதற்குள் இரண்டு பேர் தட்டைக் கவிழ்த்துவிடலாம் என்று சொல்லியிருந்தார்கள். பிறகு தை வரை ஒன்றொன்றாக வந்துகொண்டே இருந்தன. மொத்தம் 52. புதிதாக விட்ட இலைகள் இளஞ்சிவப்புக் கலந்து, விரல்நகம் போல மினுமினுத்தன.

நான்கு இலை வந்ததும் ஒரு அடி ஆழமுள்ள பைகளுக்கு மாற்றினோம். வழக்கமான சிறு பையில் ஆணிவேர் சுருண்டுவிடும். கோடையில் இலைநுனிகள் கருகத் தொடங்கின. முதலில் வெயில் என்று நினைத்து நிழல்வலை கட்டினோம், நிற்கவில்லை. ஆசிரியைதான் தண்ணீரைச் சந்தேகப்பட்டார். கடலோரத்துப் போர் தண்ணீர், வாயில் வைத்தாலே உவர்ப்பு. ஏரித் தண்ணீருக்கு மாற்றியதும் புதிய இலைகள் சுத்தமாக வந்தன. அதற்குள் ஒன்பது கன்றுகள் போயிருந்தன.

ஓராண்டு முடிந்தபோது கன்றுகள் ஒரு சாண் உயரம்கூட இல்லை. பக்கத்துப் பையில் இருந்த புங்கன் தோள் உயரம் போயிருந்தது.

நிலத்தில் நட்டது

மூன்றாம் ஆண்டு ஐப்பசியில், முதல் மழை மண்ணில் நன்றாக இறங்கிய பிறகு நட்டோம். இந்தப் பகுதிக்கு மழை பெரும்பாலும் ஐப்பசி, கார்த்திகையில்தான். அந்த இரண்டு மாதத்தில் வேர் இறங்கிவிட்டால் கோடையைத் தாங்கும்.

எங்கே நடுவது என்பதில் கருத்து வேறுபாடு வந்தது. கோயில் தரப்பில், வருகிறவர்கள் பார்க்கும்படி வாசலுக்கு நேரே திறந்த வெளியில் வேண்டும் என்றார்கள். எங்களுக்கு அரைநிழல் வேண்டும். காட்டில் நாற்றுகள் எல்லாம் இன்னொரு செடியின் மடியில்தான் நின்றன. கடைசியில் பன்னிரண்டை வாசல் பக்கமும், முப்பதை நந்தவனத்தின் பின்பகுதியில் முன்பே வளர்ந்திருந்த விராலி, ஆவாரைப் புதர்களின் கிழக்குப் பக்கமும் நட்டோம். மேற்கு வெயிலைப் புதர் மறைக்கும். ஒரு கன்றைப் பள்ளிக்குக் கொடுத்தோம். குழி ஒன்றரை அடி. தொழுவுரம் அள்ளிப் போடவில்லை, இலைமட்கு மட்டும். சுற்றிலும் காரைமுள் வேலி.

விளைவு

வாசல் பக்கம் நட்ட பன்னிரண்டில் அடுத்த கோடை தாண்டியவை இரண்டு. புதரின் மடியில் நட்ட முப்பதில் இருபத்தாறு. கன்று அதே, மண் அதே, தண்ணீரும் அதே. பட்டர் இரண்டு இடத்தையும் நடந்து பார்த்துவிட்டு, வாசலில் செத்த இடத்தில் வேறு செடி வைத்துக்கொள்ளலாம் என்று அவரே சொன்னார்.

அப்புறம் மூன்று ஆண்டுகள் சொல்லும்படி எதுவும் நடக்கவில்லை. முழங்கால் உயரம், பிறகு தொடை உயரம். விராலி உயர்ந்து மூடியபோது அதன் கிளைகளைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கழித்தோம். மூன்றாம் கோடைக்குப் பிறகு தண்ணீர் ஊற்றவே இல்லை.

விதைத்த ஏழாம் ஆண்டு பங்குனியில், பின்வரிசையில் ஒரே ஒரு செடி பூத்தது. தரையிலிருந்து ஒரு முழ உயரத்தில், இலை உதிர்ந்த இரண்டு கணுக்களில் மட்டும் நான்கு கொத்து. ஆயாவை மாணவர்கள் கூட்டி வந்து காட்டினார்கள். "காசாதான்" என்றார், அவ்வளவுதான். பட்டர் ஒரு கொத்தை மட்டும் கிள்ளித் துளசியோடு பெருமாள் திருவடியில் வைத்தார். மற்ற மூன்றும் காய்க்கட்டும் என்று விட்டுவிட்டார்.

மாற்றிச் செய்வது

முதல் ஆண்டு விதையைக் காயவைத்தது ஒரு முழுப் பருவத்தை விழுங்கியது. தெரியாத செடி எதுவானாலும் இப்போது முதலில் சில விதைகளை வெட்டிப் பார்க்கிறோம். உள்ளே பருப்பு பச்சையாக, ஈரமாக இருந்தால் அன்றே விதைக்கிறோம்.

காட்டு நாற்றைப் பெயர்ப்பதை முழுக்க நிறுத்திவிட்டோம். வரப்போரத்து மரமும் காட்டு மரங்களும் ஒரே வாரத்தில் பழுக்காததால், இரண்டு மூன்று தாய்மரங்களிலிருந்து நாள் மாற்றி விதை எடுப்பது நல்லது. நாங்கள் நட்டவை பெரும்பாலும் ஒரே மரத்தின் பிள்ளைகள், அது எனக்குக் குறையாகவே படுகிறது. தண்ணீரின் உவர்ப்பை முதல் நாளே பார்த்திருக்க வேண்டும்.

நடுவதற்கு ஓராண்டு முன்னாலேயே விராலியும் ஆவாரையும் வைத்து நிழலைத் தயார் செய்திருந்தால் வாசல் பக்கத்துச் செடிகளும் பிழைத்திருக்கும். இப்போது அதைச் செய்திருக்கிறார்கள். வாசலோரம் ஆவாரை இடுப்பளவு வந்துவிட்டது. நந்தவனத்துச் செடியில் மிஞ்சிய மூன்று கொத்துகளிலிருந்து ஆடியில் பதினொரு பழம் கிடைத்தது. குருவிக்கு நான்கு போக, ஏழு விதைகள் அன்று மாலையே தட்டில் விழுந்தன.